எல்லைக்கல்

திருத்துறைப்பூண்டியில் எங்கள் போர்த்தண்ணீரில்
பருப்பு வேகாது.
"இந்தத் தண்ணிதாம்மா சிக்லிட்டுக்கு ஆகும்"
என்றார் மீன்கடை நஜிமுதீன்.

முதலில் கப்பி விட்டேன். காலையில் ஒன்றுமில்லை.
வாய்க்குள் போகிற அளவில் இருந்தால்
அது துணையில்லை, சாப்பாடு.
அடுத்து ஏஞ்சல். இரண்டே நாளில்
துடுப்பு கிழிந்து ஹீட்டருக்குப் பின்னால் நின்றது.
பாதி விலைக்குத் திருப்பிக் கொடுத்தேன்.

"மஞ்சளோட இன்னொரு மஞ்சள் ஆம்பளை ஆகாது.
அடியில ஒண்ணு கெடந்தா மேல நீந்துறதா பாருங்க.
உடம்பும் ஒத்துப்போகணும், கோவமும் ஒத்துப்போகணும்."
சம்பந்தம் பேசுகிறவர்போல் அடுக்கிக்கொண்டே போனார்.
பஸ் டிக்கெட்டின் பின்னால் குறித்துக்கொண்டேன்.

பகலில் நான் தாலுகா சர்வேயர்.
இன்று கச்சனத்தில் அண்ணனும் தம்பியும்
அரையடி வரப்புக்காக
என் சங்கிலியின் ஆளுக்கொரு முனையில் நின்றார்கள்.
கல் இருந்த இடத்திலேயே இருந்தது.
அதுதான் இருவருக்கும் பிடிக்கவில்லை.

இரவு. தொட்டி விளக்கை அணைத்துவிட்டு
முழங்கை வரை கையை விட்டுக்
கற்களையெல்லாம் இடம் மாற்றுகிறேன்.
குகை இருந்த இடத்தில் மணல்,
மணல் இருந்த இடத்தில் உடைந்த பூந்தொட்டி.
ஆபீசில் இதைச் செய்தால் சஸ்பெண்ட்.
பழையவன் தன் வீட்டைத் தேடி அலைகிற நேரம் பார்த்துப்
புதியவனைப் பையிலிருந்து இறக்கிவிடுகிறேன்.

நாலு மணிக்கு டார்ச் அடித்துப் பார்க்கிறேன்.
புதியவனுக்கு வால் முழுசாக இருக்கிறது.
பழையவன்
சரளையை வாயில் அள்ளித் துப்பி
அள்ளித் துப்பி
வரப்பு போட்டுக்கொண்டிருக்கிறான்.