கேள்வி பதினேழு

வினிபெக் செஸ் சங்கத்தின் ஆண்டு விழா.
பீட்சாப் பெட்டிகளுக்கு நடுவே வினாடி வினா.
எல்லாமே ஓரெஸ்ட் ஹால்சுக்கைப் பற்றி:
எட்டு முறை மாகாணப் பட்டம்,
முதல் பட்டத்தன்று இரு காலிலும் வேறுவேறு காலுறை,
என்னென்ன நிறம்?
(பச்சை, சாம்பல். எல்லோருக்கும் தெரிந்திருந்தது.)

கேள்வி பதினேழு:
தொண்ணூற்றிரண்டில் அவரை வென்ற பெண் யார்?

மேசைகள் கூரையைப் பார்த்தன.
நான் ஆலிவ் பொறுக்கிக்கொண்டிருந்தேன்.

அன்று ஆட்டம் பாதியில் நின்றது.
அடுத்த நகர்வை எழுதி
உறையில் ஒட்டிக் கொடுத்துவிட்டு வந்தேன்.
விடிந்தால் பனிப்புயல். பிராண்டன் சாலை மூடல்.
தொலைபேசியில் சொன்னாராம்:
"ராத்திரி முழுக்கப் பார்த்தேன்,
குதிரை வந்தால் எனக்கு வழியில்லை.
விட்டுவிடுகிறேன்."

நடுவர் உறையைப் பிரிக்காமலே திருப்பித் தந்தார்.
வீட்டுக்கு வந்து, கோட்டைக்கூடக் கழற்றாமல்
கிழித்துப் பார்த்தேன்.
டி ஆறு என்று நினைத்து
டி ஐந்து என்று எழுதியிருக்கிறேன்.
என் குதிரை அங்கே தாவாது.
அங்கேயே பிரித்திருந்தால்
தோல்வி எனக்கு.

மூன்றாம் மேசை மட்டும் ஒரு பெயர் எழுதியிருந்தது:
தவமலார்.
ஓரெழுத்துப் பிழைதானே,
முழு மதிப்பெண் கொடுக்கலாமா என்று
என்னைத்தான் கேட்டார்கள்.

கொடுங்கள் என்றேன்,
கொஞ்சம் அவசரமாகவே.