ரீனோ எந்தப் பக்கம்

ஒரே சனிக்கிழமையில் ஐந்து நாட்களைப் படம்பிடிப்போம்.
திங்களுக்கு நீல டை, செவ்வாய்க்குக் கோடு போட்டது.
புதன் முடிவதற்குள் தொகுப்பாளருக்குப் பசி வந்துவிடும்.
வெள்ளிக்கிழமை இரவு ஒன்பதுக்கு முடிய
வெளியே பர்பேங்கில்
இன்னும் சனிக்கிழமைதான்.

நெப்ராஸ்காவிலிருந்து அம்மா கடைசிவரை கேட்டாள்:
சக்கரத்தைச் சுற்றுகிறவள் நீயா?
இல்லை.
பரிசுக் கார் பக்கத்தில் சிரித்துக்கொண்டு நிற்பவள்?
இல்லையம்மா. சக்கரம் கீச்சிட்டால்
எண்ணெய்க்கு ஆள் அனுப்புகிறவள்.

போட்டியாளர் கழிப்பறை போனால்
கூடவே ஒருத்தியைக் காவலுக்கு விடுவேன்.
கைதட்டும் விளக்கு என் இடது கையில்,
தப்புக்கான பொத்தான் வலது கையில்.
அழுத்தினால் வாத்தை மிதித்த மாதிரி ஒரு சத்தம்.
கேள்விகளை நானே தட்டச்சடித்து
உறையிலிட்டு ஒட்டிப் பெட்டகத்தில் பூட்டுவேன்.
பூட்டிய பிறகு இரண்டு முறை இழுத்துப் பார்ப்பேன்.

எழுபத்தொன்பது மார்ச்.
ஆர்லோ பெட்டிஜோன், சலீனாஸிலிருந்து
கீரை லாரி ஓட்டுகிறவர்.
லாஸ் ஏஞ்சலஸ், ரீனோ,
இரண்டில் மேற்கே இருப்பது எது?
ரீனோ, என்றார். யோசிக்கக்கூட இல்லை.
அட்டையில் லாஸ் ஏஞ்சலஸ்.
கடல் இங்கேதானே இருக்கிறது என்று
தட்டச்சடித்தவளும் நான்தான்.
வாத்து கத்தியது. கூட்டம் சிரித்தது.
அவர் வாதாடவில்லை.
ஒரு பெட்டி தரை மெழுகைத் தூக்கிக்கொண்டு போனார்.

அந்த முகம் மட்டும் வீடுவரை வந்தது.
நள்ளிரவில் வரைபடத்தை விரித்து
அடிக்கோலை நிமிர்த்தி வைத்தேன்.
ரீனோ இடப்பக்கம் இருந்தது.
கண்ணாடியைத் துடைத்துவிட்டு மறுபடி வைத்தேன்.
ஊர் நகரவில்லை.

இன்னும் ஒளிபரப்பாகவில்லையே,
வெட்டிவிடலாமே, என்றார் வழக்கறிஞர்.
நல்ல மனிதர். மதியம் எனக்குச் சூப் வாங்கித் தந்தார்.

நாலு நாள் தேடி, பிஷப் ஊரில்
ஒரு லாரி நிறுத்தத்தின் தொலைபேசியில் பிடித்தேன்.
பின்னால் இன்ஜின் உறுமிக்கொண்டிருந்தது.
"நான் அப்போதே சொன்னேனே," என்றார்.
கோபமில்லை, சரக்குச் சீட்டை வாசிக்கிற குரல்.
"ஜூனில் அங்கே பொழுது சாய
இருபது நிமிடம் கூட ஆகும்.
கடிகாரத்தில் பார்த்திருக்கிறேன்."

திரும்ப வந்தார். அதே சட்டை, தேய்த்திருந்தது.
எறும்புக்கு எத்தனை கால்?
எட்டு, என்றார்.
என் விரல் ஒரு கணம் நின்றது, பிறகு நிற்கவில்லை.
இந்த முறை அவரும் சிரித்தார்.
மெழுகுப் பெட்டியை என் மேசைமேல் வைத்து,
"நான் இருப்பது டிரெய்லர், கீழே கம்பளம்" என்றார்.

அதற்குப் பிறகு இருபத்திரண்டு வருடம்.
வெர்னா லிண்ட்க்விஸ்ட் என்ற பெயர்
கடைசியில் ஒன்றரை நொடி ஓடியது.
பின்னாளில் திரையை மூலைக்கு ஒடுக்கி
அடுத்த நிகழ்ச்சியின் விளம்பரத்தைப் போட்டார்கள்.
பெயர்கள் எறும்பாய் ஊர்ந்தன.
கால்களை யார் எண்ணினார்கள்.

அரங்கைப் பிரித்த அன்று பார்த்தேன்,
சக்கரத்தின் முதுகு வெறும் ஒட்டுப்பலகை,
யாரோ பென்சிலில் எழுதிய தொலைபேசி எண்.
வாத்துப் பொத்தானைக் கேட்டேன், தரவில்லை.
மெழுகுப் பெட்டி இன்னும் கார் கொட்டகையில் இருக்கிறது.
திறந்ததில்லை.

ஜூன் மாதம். பாத்திரம் கழுவ
விளக்கைப் போட்டாயிற்று.
ரீனோவில் இன்னும் வெயில் இருக்கும்.