குறிப்புக் கட்டம்

காலையில் கரையும் பனி
இங்கே வந்து சேர நள்ளிரவாகும்.
நரின் ஆற்றில்
வெயில் என்பது இருட்டில் கேட்கும் ஓசை.

புருல்சா அளவுகோலில் டார்ச் அடிக்கிறாள்:
நூற்று நாற்பத்தொன்று.
நீர் சாம்பல்.
கல் உருளும் அதிர்வு முழங்கால் எலும்பில்.

திரும்பும்போது ஒரு கூழாங்கல்
எழுந்து நடந்தது.
சாம்பல் முதுகு, அரிவாளாய் வளைந்த சிவப்பு மூக்கு.
அது விட்டுப்போன இடத்தில்
நான்கு கற்கள்,
தொட்டால் சூடு.

சுற்றிலும் கல் அடுக்கலாமா,
மேலே நகர்த்தி வைக்கலாமா...
விளக்கை அணைத்துவிட்டுத்
தள்ளிப்போய் உட்கார்ந்தாள்.
பறவை திரும்பியதா தெரியாது;
ஆறு எதையும் கேட்கவிடாது.

விடிந்ததும்,
பனிக்கட்டி, சேறு, மிதக்கும் மரம் என்று
எழுதவேண்டிய கட்டத்தில் எழுதினாள்:
முட்டைக்கும் நீருக்கும் நடுவே
இரண்டு விரற்கடை.

பிஷ்கெக்கிலிருந்து போன் வந்தது:
யாருடைய விரல்?