இரைச்சல் நீக்கம்

எங்கள் ஆராய்ச்சி வளாகத்தில் ஆகக் கீழே இருப்பது என் அறை.
பதினெட்டுப் படி.
தரைக்கு ஓடு பதிக்கவில்லை,
கிருஷ்ணகிரிப் பாறையையே விட்டுவிட்டார்கள்.
அதன்மேல் குண்டான் அளவில் ஒரு கருவி.
நிலம் அசைந்தால் எழுதும்.

இங்கே நிலம் அசைவதில்லை,
அதனால்தான் இங்கே வைத்தார்கள்.
சுமத்ராவில் அசைந்தால்
இந்தக் கல் கேட்டுச் சொல்லும் என்று.

என் முனைவர் பட்டத் தலைப்பு இரண்டு வரி நீளம்.
ஊரில் கேட்டால் சொல்வேன்:
வேண்டாததை எடுக்குற வேலை.

நெடுஞ்சாலையில் ஓசூருக்கு ஏறும் கன்டெய்னர்கள் வேண்டாம்.
மாங்கூழ் ஆலையின் மோட்டார்கள், மே தொடங்கி ஜூலை முடிய, வேண்டாம்.
தலைக்கு மேலே சிவில் துறையில்
கான்கிரீட் கட்டை நசுங்கும் கடைசி நொடி,
பெண்கள் விடுதியில் இந்தியா ஜெயித்த ராத்திரி,
நூலகத்தில் யாரோ நாற்காலியை இழுத்தது.
காற்றுச் சுரங்கம் மட்டும் தொந்தரவில்லை.
விசிறி வந்து மூன்று வருஷம்,
மோட்டார் இன்னும் டெண்டரில்.

அப்புறம் குவாரிகள்.
மத்தியானம் ஒன்றுக்கும் இரண்டுக்கும் நடுவே வெடி.
கையெழுத்து மாதிரி, ஒன்றைப் போல ஒன்று இருக்காது.
நரிக்குட்டைக்காரர்கள் வைத்தால் இரட்டையாக வரும், தும்மல் போல.
மொட்டைப்பாறை ஒரே குத்து.
அங்கே துளை போடுவது திம்மராயன் மாமா.
தினமும் ஒன்று இருபதுக்கு
மாமாவை நீக்குகிறேன்.
அவருக்குத் தெரியும். சிரிப்பார்.
"சுத்தமா எடுத்துட்டியா பாப்பா?"

மார்ச் ஒன்பது, ராத்திரி இரண்டு பத்து, முப்பத்தாறு நொடி.
மொட்டைப்பாறை. ஒரே குத்து.
பதினோரு நொடி கழித்து இன்னொன்று.
அது வெடியில்லை.
தலையும் வாலும் மெலிந்து, நடுவே பருத்து,
வெள்ளரிப் பிஞ்சு மாதிரி ஒரு அலை.
பாடப் புத்தகத்தில் அதற்கு ஒரே பெயர்தான்: சரிவு.

காலையில் பார்த்துவிட்டுப் படியேறினேன்.
கீழே சிக்னல் கிடைக்காது.
பதினெட்டுப் படியும் அன்றைக்குக் கருவியில் தனித்தனியாக விழுந்திருக்கின்றன,
பிறகு எண்ணிப் பார்த்தேன்.

மாமா எடுத்தார்.
பர்கூரில் டீ குடித்துக்கொண்டிருந்தார்.
"ராத்திரி யாரு வேலைக்குப் போவா?"
கொஞ்ச நேரம் பேசவில்லை.
"ஒரிசாப் பசங்க ரெண்டு பேரு ஊருக்குப் போயிட்டாங்களாம்.
மேனேஜர் சொல்றார்.
பை ரெண்டும் கொட்டாயிலயே கிடக்குது."

வழிகாட்டிப் பேராசிரியர் திரையை நெடுநேரம் பார்த்தார்.
நல்ல மனிதர். கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார்.
"ஆய்வின் எல்லைக்குள் வராதும்மா.
எடுத்துடு."

அந்த வாரம் தர மதிப்பீட்டுக் குழு வருகிறது.
கைப்பிடிச் சுவருக்குப் புது பெயின்ட்,
கையில் ஒட்டியது.
ஐந்து பேர் பதினெட்டுப் படி இறங்கினார்கள்.
அவர்களில் ஒரு அம்மா, முழங்காலைப் பிடித்துக்கொண்டு, கேட்டார்:
"இது என்னென்ன பதிவு பண்ணும்?"

பேராசிரியர் சுமத்ரா என்று ஆரம்பித்தார்.
நான் சொன்னேன்:
எல்லாத்தையும், மேடம்.
எடுக்கிறது நான்தான்.

அவர் அதைக் குறித்துக்கொண்டாரா என்று தெரியவில்லை.
கேன்டீனில் அன்று கேசரி போட்டார்கள்.

நாலு நாற்பது பஸ்.
கலெக்டர் ஆபீஸ் வாசலில் இறங்குவதற்குள்
காகிதச் சுருளின் ஓரம் வியர்வையில் மடங்கிவிட்டது.
ஜன்னலுக்கு அந்தப்பக்கம் இருந்தவர் விரித்துப் பார்த்தார்,
கோணலாகத் திருப்பியும் பார்த்தார்.
"இது என்னம்மா, ஈசிஜியா?"

ஆமாம் என்று சொல்லியிருக்கலாம்.

மறுநாள் ஒன்று இருபதுக்குக்
கோடு அசையாமல் போனது.
ஒன்று இருபத்தொன்று. இருபத்திரண்டு.
எடுக்க ஒன்றுமில்லை.
கையை மேசையில் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தேன்.
மேலே யாரோ நாற்காலியை இழுத்தார்கள்.
அதை விட்டுவிட்டேன்.