எண்ணெய்ப் புட்டிக்கான குழி

வென்டெலின் ஷ்க்ரோபாக் கட்டடம் அதிரத் தும்முவார்.
அவரைப் பற்றி எழுதுகிறவர்கள்
இதை விட்டுவிடுகிறார்கள்.

பெச்வா ஆற்றங்கரைத் தொழிற்சாலை,
மூன்றாம் மாடி, வடக்குப் பார்த்த ஜன்னல்.
அவர் பென்சிலில் போட்டதன்மேல்
மெழுகுத்துணி விரித்து
மையால் கோடிழுப்பது என் வேலை.
பதினோரு வருடம்.
ஒரு யந்திரத் துப்பாக்கியின்
நூற்று நாற்பத்திரண்டு உறுப்புகளையும்
ஒரு தோட்டாகூடச் சுடாமல் அறிந்தவள்.

முதல் மாதிரி சேற்றில் திக்கியது.
இரண்டாவது பனியில்.
மூன்றாவதற்குச் சுருள்வில் வேண்டி
மாவு மில்லின் சல்லடையைக் கழற்றி வந்தார்.
மில்காரர் கொட்ர்லா அந்த வாரம் முழுக்க
தவிட்டோடு மாவு விற்று ஏச்சு வாங்கினார்.
அது திக்கவில்லை.
நிமிடத்துக்கு ஐந்நூறு.
பிராகாவிலிருந்து அமைச்சகம்
ஒரு வாத்து அனுப்பியது, உயிரோடு.
வரைபட அறையில் அது மூன்று நாள் நடந்தது.

பாதுகாப்புப் பூட்டை
நான்கு மில்லிமீட்டர் பின்னால் நகர்த்தினார்,
கையுறை போட்ட விரலுக்கும் எட்ட.
யாருடைய விரல் என்று குறிக்க
வரைபடத்தில் கட்டமில்லை.

முப்பத்தொன்பது. மார்ச். ஈரப்பனி.
வாசலில் வேறு கொடி.
ஓரத்துத் தலைப்புகளைச் சுரண்டியெடுத்து
ஜெர்மனில் எழுதச் சொன்னார்கள். எழுதினேன்.
அளவுகள் அப்படியே இருந்தன.
மில்லிமீட்டருக்குத் தாய்மொழி கிடையாது.
அன்று முழுக்க ஷ்க்ரோபாக் தும்மவில்லை.

நாற்பத்திரண்டின் கடைசியில்
பழுதுபார்க்கக் கிழக்கிலிருந்து பெட்டிகள் வந்தன.
வைக்கோல், துரு,
உடைந்த கட்டைகளில் சுற்றிய தந்திக் கம்பி.
பின்கட்டைக்குள் எண்ணெய்ப் புட்டிக்கென
அவர் விட்டிருந்த குழி, உறுப்பு நூற்றுப் பதினெட்டு.
மூடியைத் திருகினேன்.
புட்டி இல்லை.
துணியில் முடிந்த உப்பு.
இன்னொன்றில் ஒரு பால்பல்.
இன்னொன்றில், நாலாக மடித்த தாளில்
எவனோ வரைந்த வீட்டின் தரைப்படம்:
அடுப்பு, கட்டில், தொட்டில், கதவு.
பக்கத்தில் அளவுகள்.

ஷ்க்ரோபாக் அதை வெளிச்சத்தில் பிடித்து
வெகுநேரம் பார்த்தார்.
"கதவு போதாது," என்றார்.
"கட்டில் நுழையாது."

பத்து நாள் கழித்து ஒரு திருத்தம் கொடுத்தார்:
உறுப்பு நூற்றுப் பதினெட்டு,
ஆழம் எட்டு மில்லிமீட்டர் கூடுதல்.
காரணம் என்ற இடத்தில்
"எண்ணெய்" என்று எழுதியிருந்தார்.
பெர்லின் முத்திரை குத்தியது.

நிமிடத்துக்கு ஐந்நூறு என்பதில்
திருத்தம் ஏதும் இல்லை.

நல்லவரா என்று கேட்கிறார்கள்.
அந்தப் புதுக் குழியை வரைந்தது நான்.
பேனாவைத் தொட்டு, மூச்சைப் பிடித்து,
ஒரே இழுப்பு.
கை நடுங்கவில்லை.
சுத்தமான கோடு.