காட்சி 17, பகல்

நாற்பத்தொன்று எழுதினேன். எல்லாம் இரவு.
தொண்ணூற்றாறு பக்கம், சாணித்தாள்,
அட்டையில் நான் எழுதாத ஒரு பெண் அலறுவாள்.
பெயர் கோட்டை மாறன்.
எப்சிபா என்று போட்டால் பேய் வராது,
ஜெபம்தான் வரும் என்றார் பதிப்பாளர்.
புத்தகத்துக்கு ஆயிரத்தெண்ணூறு.
காட்பாடி இரண்டாம் பிளாட்பாரத்தில்
கொய்யாக் கூடைக்குப் பக்கத்தில்
கிளிப் மாட்டித் தொங்கிக்கொண்டிருப்பேன்.

பகலில் ஷூ கம்பெனி.
ஆறேகாலுக்கு மாதனூரில் வேன்.
ஆம்பூரில் மேல்தோல் தைக்கிற வரிசை,
பதினோராம் மிஷின்,
மணிக்கு அறுபது ஜோடி.
இதை எந்த நாவலிலும் எழுதினதில்லை.
இதில் என்ன இருக்கிறது எழுத?

மேல்விஷாரத்திலிருந்து நிலோஃபர் வந்தாள்.
தோளில் கடன் வாங்கின கேமரா,
பையில் என் இருபத்துமூன்றாவது நாவல்,
நடுவில் பதினாறு பக்கம் காணோம்.
"அந்தப் பதினாறு பக்கந்தான்க்கா
ரொம்ப பயமா இருந்துச்சு" என்றாள்.
பாராட்டா என்று இன்றுவரை தெரியவில்லை.
எனக்கொரு படம் எழுதிக் குடுங்க என்றாள்.

எழுதினேன்:
அமாவாசை. சுடுகாடு. அவள் நெஞ்சு ஏனோ நடுங்கியது.

நெஞ்சை அடித்தாள். கேமராவுக்கு நெஞ்சு தெரியாதுக்கா.
ஏனோவை அடித்தாள்.
பிறகு கொஞ்சம் கூச்சத்தோடு அமாவாசையை.
லைட்டு, ஜெனரேட்டர், டீசல்.
"ராத்திரிக்கு நம்மகிட்ட காசு இல்லக்கா,
பேய பகல்லயே வரச் சொல்லுங்க."

இருபது வருஷம் இருட்டை
அள்ளி அள்ளிப் பூசினவள் நான்.
இருட்டு இனாம் என்றே நினைத்திருந்தேன்.
ஓர் இரவுக்கு ஒன்பதாயிரமாம்.

அது மே மாசம்.
பாலாற்றுப் பாலத்துக் கைப்பிடியைத் தொட்டால் கொப்புளம்.
இந்த வெயிலில் எந்தப் பேய் வரும்,
குடை பிடித்துக்கொண்டா?

வேனில் யோசித்தேன். சோற்று டப்பா மூடியைத் திறந்து
மறுபடி மூடிக்கொண்டு யோசித்தேன்.
பகலில் எதற்குப் பயந்திருக்கிறேன்?

கக்கூஸ் டோக்கன்.
வரிசைக்கு ஒன்று. உள்ளங்கை அகல மரக்கட்டை,
ஆணியில் தொங்கும்.
எடுத்துப் போனவள் திரும்பினால்தான்
அடுத்தவள் எழலாம்.

காட்சி 17. உள்ளே. பகல்.
நாற்பது மிஷின்கள். நாற்பது பெண்கள்.
ஆணியில் டோக்கன் இல்லை.
முப்பத்தொன்பது பெண்கள்.
நாற்பது மிஷின்களும் ஓடுகின்றன.
யாரும் தலை தூக்கவில்லை.

அவ்வளவுதான். ஆச்சரியக்குறி ஒன்றுகூட இல்லை.
பக்கக் கணக்கில் பத்து ரூபாய் தேறாது.
நிலோஃபர் படித்துவிட்டுத் தண்ணீர் கேட்டாள்.
"ஏன்க்கா யாரும் தலை தூக்கல? பயமா?"
"டார்கெட்டு" என்றேன்.

ஞாயிற்றுக்கிழமை, மூடிக்கிடந்த ஒரு ஷெட்.
வாடகைக்கு வந்தது பன்னிரண்டு மிஷின்தான்,
அதை நாற்பதாக்குவது அவள் பாடு.
சென்னையிலிருந்து வந்த பெண்ணுக்கு நன்றாக அழ வந்தது,
நூல் கோக்க வரவில்லை.
அதனால் படத்தில் முகம் அவளுடையது, கை என்னுடையது.
கட்டைவிரலில் ஊசி ஏறின தழும்பு.
பவுடர் போட வந்த பையனை
நிலோஃபர் துரத்தியடித்தாள்.

கட் என்றாள்.
கை நிற்கவில்லை.
கட், கட் என்று எல்லோரும் கத்தினார்கள்.
ஜோடிக்கு இன்னும் ஒரு கால் பாக்கி இருந்தது, முடித்தேன்.
அதையும் எடுத்துவிட்டார்களாம்.

சம்பளம் ஒரு பிரியாணிப் பொட்டலம்,
கத்தரிக்காய் தனியாக, பஸ் காசு.
மீதி எங்காவது விழாவில் ஜெயித்தால்.

ராத்திரி பதிப்பாளர் போன் செய்தார்:
அட்டை அச்சாயிடுச்சும்மா, புளியமரம், வெள்ளைப் புடவை,
உள்ள பேய் எங்க?
வந்துக்கினே இருக்கு சார் என்றேன்.

திங்கள். வேன். பதினோராம் மிஷின்.
பத்தரைக்கு அடிவயிறு முட்டியது.
தலை தூக்கி ஆணியைப் பார்த்தேன்.
பார்த்துக்கொண்டே இருந்தேன் போலிருக்கிறது.
பத்தாம் மிஷின் கௌசர்
ஊசியிலிருந்து கண் எடுக்காமல் சொன்னாள்:
"இன்னாத்த பாக்கற? தையி."