எழுத்தோடும் முன்

பற்றரிக்குத் தடை இருந்த காலம்.
மல்லாவியில், சாக்குத் தொங்கவிட்ட அறைக்கு வெளியே
ஸ்டாண்டில் ஏற்றிய சைக்கிளை நான் மிதிப்பேன்.
சங்கிலிக்குத் தேங்காயெண்ணெய் விட்டிருக்கும்,
படத்துக்குள் கிறீச்சிடக் கூடாது.
டைனமோவிலிருந்து யன்னல் வழியே ஒரு வயர்,
வயரின் முடிவில் றெக்கோடர்,
றெக்கோடரின் முன்னால்
ஆர்மோனியத்தோடு பூரணச்சந்திரன்.

பதினொரு குறும்படம்,
பிறகு இருபத்தாறு கிழமை ஓடிய தொலைக்காட்சி நாடகம்,
விவசாய நிகழ்ச்சிக்கு முன்னால் வரும் பன்னிரண்டு விநாடி.
எல்லாம் அவர் போட்டது.
ஒருவருக்கும் தெரியாது.
பள்ளிக்கூட வளவில் படம் காட்டுவார்கள்.
கடைசிக் காட்சி முடிந்து எழுத்தோடத் தொடங்க
ஜெனரேற்றரை நிற்பாட்டிவிடுவார்கள்.
மண்ணெண்ணெய் விற்ற விலைக்கு
யார் இருந்து பெயர் வாசிப்பது?
'நடிப்பு' வரை வந்திருக்கிறது.
ஒருமுறை 'ஒளிப்பதி' வரை.
இசை அதற்கும் கீழே.

ஏழாவது படத்தில்
வராத மகனுக்குத் தாய் சோறு போட்டுவைக்கிறாள்.
மூன்று நிமிடம், வெட்டே இல்லை.
எனக்குப் பதினேழு வயது, காலையில் வெறும் தேத்தண்ணி.
இரண்டரை நிமிடத்தில் தொடை நடுங்கியது.
நான் களைக்க ரேப் மெதுவாய் ஓடியது;
மெதுவாய்ப் பதிந்தது போடும்போது விரைந்தது.
சுருதி அரைக்கட்டை ஏறி
அந்தத் தாயின் தொண்டையில் போய் நின்றது.
வளவு முழுக்க மூக்குச் சிந்தியது.

"அந்த இடத்தில எப்பிடி ஏத்தினீங்கள்?" இயக்குநர் கேட்டார்.
"நான் ஏத்தேல்லை. மிதிச்ச பிள்ளை களைச்சுப்போச்சு."
அதன்பிறகு ஒவ்வொரு அழுகைக்கும்
வளவை இரண்டு தரம் என்னைச் சுற்றி ஓடவிட்டுத்தான் பதிந்தார்.

இப்போது கிளிநொச்சி ஆடைத் தொழிற்சாலையில்
அதே கால், வேறு பெடல்.
களைத்தால் சுப்பவைசரின் குரல்தான் ஏறும்.
அவர் துணுக்காய் றோட்டில் போன் திருத்துகிறார்.

போன மாதம் கனடாவிலிருந்து ஒரு பெடியன்
எங்கேயோ கிடந்த ஏழாவது படத்தின் கொப்பியைத்
துடைத்துத் துப்புரவாக்கி அனுப்பியிருந்தான்.
மதியச் சாப்பாட்டு மணிக்கு
டிபன் மூடியில் போனைச் சாய்த்துவைத்துப் பார்த்தேன்.
எழுத்து முழுதாய் ஓடுகிறது.
இசை: பூரணச்சந்திரன்.
நான்கு விநாடி நிற்கிறது.

அழைத்தேன். பெயரைப்பற்றி ஒரு சொல் இல்லை.
"கேட்டனியே? கம்பியூட்டரில போட்டு
சுருதியை நேராக்கிப்போட்டான் பெடியன்."

ஓம்.
தாய் சோறு போடுகிறாள்,
ஆர்மோனியம் மட்டமாய் நிற்கிறது,
மகன் எப்படியும் வந்துவிடுவான்போல.